மலையாளத் திரையின் முதல் நாயகி பி.கே. ரோசி

மலையாளத் திரைப்பட வரலாறு 'விகதகுமாரன்' என்னும் பேசாப்படத்தில் தொடங்குகிறது. ஜே.சி. டேனியல் தம் நிலத்தை விற்று, திருவனந்தபுரத்தில் படப்பிடிப்பு நிலையம் அமைத்து அதனை உருவாக்கினார். அது வெளியான ஆண்டை 1928 என்றும் 1930 என்றும் நூல்கள் இருவேறாகக் குறிக்கின்றன. அப்படத்தின் நாயகியே பி.கே. ரோசி.

ரோசி புலையர் சமூகத்தில் பிறந்தவர். புல்லறுத்துப் பிழைத்த உழைப்பாளி. ஆடலும் பாடலும் கலந்த காக்காரிசி நாடகத்தில் பயின்ற கலைஞர். பேசாப்படத்தில் குரலுக்கு இடமில்லை. முகமும் கையும் நடையுமே பேச வேண்டும். அத்தேர்ச்சியை நாட்டுப்புற மேடை அவருக்கு அளித்திருந்தது. படத்தில் அவர் ஏற்றது சரோஜினி என்னும் நாயர் குலப் பெண்ணின் வேடம்.

அதுவே பெருங்குற்றமாகக் கருதப்பட்டது. தாழ்த்தப்பட்ட மக்களுக்குக் கோயிற் கதவு திறவாத காலம் அது. திருவிதாங்கூரில் ஆலய நுழைவுப் பிரகடனம் வந்தது 1936-இல்தான். அதற்கும் முன்னர், அய்யன்காளி பஞ்சமி என்னும் சிறுமியை ஊரூட்டம்பலம் பள்ளிக்கு அழைத்துச் சென்றபோது, அப்பள்ளிக்கே தீ வைத்தனர் சாதி வெறியர். வகுப்பறையில் ஒரு சிறுமி அமர்வதையே பொறாதவர்கள், வெள்ளித்திரையில் ஒரு புலையர் பெண் உயர்குல மங்கையாகத் தோன்றுவதை எங்ஙனம் பொறுப்பர்?

திருவனந்தபுரம் காப்பிட்டல் கொட்டகையில் படம் திரையிடப்பட்டபோது கலகம் மூண்டது. திரையின்மீது கற்கள் வீசப்பட்டன. ரோசியின் குடிசையும் எரிக்கப்பட்டதாகக் கூறுவர். உயிர் தப்ப அவர் ஊரைவிட்டே வெளியேறினார். நாகர்கோவில் பகுதியில் லாரி ஓட்டுநர் ஒருவரை மணந்து, ராஜம்மாள் என்னும் பெயரில் அமைதியாக வாழ்ந்து மறைந்தார் என அறிகிறோம். அதன்பின் அவர் நடிக்கவேயில்லை.

டேனியலும் பொருளிழந்து, பிற்காலத்தில் அகத்தீசுவரத்தில் வாழ்ந்து 1975-இல் காலமானார். எனினும் 1992 முதல் கேரள அரசு அவர் பெயரால் திரைத்துறையின் உயரிய விருதை வழங்கி வருகிறது. ரோசியின் பெயரோ நெடுங்காலம் மறைந்தே கிடந்தது. 2013-இல் வெளிவந்த 'செல்லுலாய்டு' திரைப்படம் அவர் கதையைப் பலரறியச் செய்தது. 2023 பிப்ரவரி 10-இல் கூகுள் நிறுவனம் தன் முகப்பில் அவர் உருவத்தை வரைந்து சிறப்பித்தது. ஆயினும் அவர் நடித்த படத்தின் பிரதி ஒன்றேனும் இன்று எஞ்சவில்லை.

இளைஞர்களே! கல்லெறிந்தவர்கள் ஒரு கலைஞரின் தொழிலை மட்டும் பறிக்கவில்லை. தம் வாழ்வைத் தாமே எடுத்துரைக்கும் உரிமையையும் பறித்தனர். அவர் வாயாலேயே அவ்வரலாற்றைக் கேட்டு எழுதிவைக்கத் தக்க காலத்தில் எவரும் முன்வரவில்லை. நம் வீடுகளிலும் சேரிகளிலும் இத்தகைய மூத்தோர் இன்னும் உளர். அவர்கள் பட்ட பாட்டையும் பெற்ற வெற்றியையும் அவர்கள் உள்ளபோதே கேட்டு எழுதிவைப்பது, எழுத்தறிவு பெற்ற நம் ஒவ்வொருவரின் கடமையாகும்.