டொல்பின் பார்க்கப் போன நாளில் எங்கட களப்பைப் பார்த்தோம்

கொஞ்சம் நீளமான பதிவு. ஆறுதலாக இருக்கும்போது வாசியுங்கள். வீட்டில் பிள்ளைகள் இருந்தால் அவர்களுக்கும் வாசித்துக் காட்டுங்கள்.

போன மாதம் தரம் 10 பிள்ளைகளை ஒருநாள் சுற்றுலாவாகக் கற்பிட்டிக்குக் கூட்டிப் போனோம். காலையில் கடலில் டொல்பின், பிறகு கோட்டை, பகலுக்குப் பின் களப்பில் கண்டற்காடு, திரும்பும் வழியில் புத்தளம் நகரம். வெளிநாட்டுக்காரர் காசு கொடுத்துப் பார்க்கும் அதே சுற்று. எங்கள் பிள்ளைகளில் பாதிப் பேர் அதுவரை கடலில் டொல்பினைக் கண்டதில்லை. பாலாவிச் சந்தியில் திரும்பினால் எட்டிவிடும் தூரத்தில் இருந்துகொண்டு!

காலை ஏழு மணிக்குப் படகு கிளம்பியது. முக்கால் மணித்தியாலம் போயிருக்கும், கூட்டமாக வந்துவிட்டன. எங்கள் மீனவர்கள் ஓங்கில் என்று சொல்லும் அதே மீன்தான். மீன் என்று சொன்னாலும் அது பாலூட்டி என்பதைப் பிள்ளைகளே திருத்தினார்கள். இங்கே அதிகம் காண்பது உடம்பைச் சுழற்றிக்கொண்டு மேலே பாயும் இனம். கற்பிட்டிக்கு வெளியே ஆழ்கடல் கரைக்குக் கிட்ட வருவதால்தான் ஓங்கிலும் பெரிய திமிங்கிலமும் இங்கே தெரிகின்றன. கார்த்திகை தொடங்கிச் சித்திரை மட்டும் கடல் அமைதியாக இருக்கும் காலம். பிறகு தென்மேல் காற்று தொடங்கினால் படகு இறக்க முடியாது.

கரைக்குத் திரும்பும்போது ஒரு மகள் கேட்டாள்: "சேர், டொல்பின், கோட்டை, கண்டல் எல்லாம் விளம்பரத்தில இருக்குது. எங்கட ஆக்கள் எங்க இருக்காங்க?"

படகில் இருந்த ஆசிரியர்கள் எவருக்கும் உடனே பதில் வரவில்லை. இந்தப் பதிவு அந்தக் கேள்விக்கான பதில்.

முதலில் எல்லோரும் நிற்கும் இடம் கற்பிட்டிக் கோட்டை. ஒல்லாந்தர் 1667இல் தொடங்கி 1676இல் கட்டி முடித்தது. அதற்கு முன் போர்த்துக்கீசர் அந்த இடத்தை வைத்திருந்தார்கள். 1795இல் ஆங்கிலேயர் கைக்குப் போனது. இன்று கடற்படையின் பொறுப்பில் இருக்கிறது. இவ்வளவும் விளம்பரப் பலகையிலும் கிடைக்கும். ஒல்லாந்தர் இந்த மணல் முனையில் எதற்காகக் கோட்டை கட்டினார்கள் என்பதைத்தான் யாரும் சொல்வதில்லை.

விடை களப்பில் இருக்கிறது. கண்டி மலைநாட்டு இராச்சியம். மலைநாட்டுக்கு உப்பு வேண்டும், கருவாடு வேண்டும், துணி வேண்டும். மலைநாட்டில் பாக்கு இருந்தது. இரண்டையும் மாற்றிக்கொள்ளும் வாசல்களில் ஒன்று புத்தளம். மாடுகளின் முதுகில் பொதியேற்றி வரிசையாகக் கொண்டுபோகும் தவளத்தில் உப்பும் கருவாடும் ஏறும், பாக்கு இறங்கும். அந்த வியாபாரத்தில் முஸ்லிம்களின் கை பெரியது. கற்பிட்டியைப் பிடித்தவன் களப்பின் வாயைப் பிடித்தவன். களப்பின் வாயைப் பிடித்தால் கண்டி அரசனின் உப்புச் சட்டியில் கை வைக்கலாம். கோட்டை அதற்காகத்தான். 1766இல் கண்டியோடு செய்த ஒப்பந்தத்தில் ஒல்லாந்தர் கரையோரம் முழுவதையும் தமதாக்கிக்கொண்டார்கள். ஆனால் கண்டி மக்கள் இந்தப் பக்கத்து உப்பை எடுத்துப் போகலாம் என்று அந்த ஒப்பந்தத்திலேயே எழுத வேண்டியிருந்தது. எங்கள் உப்பு அவ்வளவு பெரிய விசயம்.

ஆக, அந்தக் கோட்டைச் சுவர் எங்கள் தவளக்காரர்களையும் தோணிக்காரர்களையும் அடக்கக் கட்டப்பட்ட சுவர். சுவருக்கு முன்னால் நின்று படம் எடுப்பதில் பிழையில்லை. அது யாரை நினைத்துக் கட்டப்பட்டது என்று தெரிந்துகொண்டு எடுப்போம்.

கற்பிட்டியில் இன்னொருவரையும் பிள்ளைகளுக்கு நினைவூட்டினோம். சைமன் காசிச்செட்டி, 1807இல் இதே ஊரில் பிறந்தவர். 1834இல் இலங்கையின் ஊர்களையும் இடங்களையும் அகர வரிசையில் ஆங்கிலத்தில் தொகுத்து ஒரு நூலாக வெளியிட்டார். 1859இல் தமிழ்ப் புலவர்களின் வரலாறுகளைத் தொகுத்த 'தமிழ் புளூட்டாக்' வந்தது. இன்றைக்கும் ஆய்வாளர்கள் அவரைத் தேடிப் போகிறார்கள். ஊரைப் பற்றி எழுதிவைக்க வெளியாள் வரவேண்டியதில்லை என்பதற்கு எங்கள் மண்ணிலேயே உள்ள சாட்சி அவர்.

பகல் சாப்பாட்டுக்குப் பிறகு களப்புப் பக்கம் போனோம். புத்தளம் களப்பு ஏறக்குறைய 327 சதுர கிலோமீற்றர். கலா ஓயாவும் மீ ஓயாவும் நன்னீரைக் கொண்டுவந்து கொட்டுகின்றன. வடக்கே கடல் திறந்திருக்கிறது. இடையில் தீவுகள். கலா ஓயா கடலோடு சேரும் கங்கைவாடிப் பக்கம் இருப்பதுதான் இலங்கையிலேயே மிகப் பெரிய கண்டற்காடு. எங்கள் பக்கத்தில் இருப்பவை சிறிய துண்டுகள்.

படகோட்டி நானா இயந்திரத்தை நிறுத்திவிட்டு ஒரு கொப்பைப் பிடித்துக் காட்டினார். கண்டல் மரத்தின் விதை மரத்திலேயே முளைவிட்டு முருங்கைக்காய் போல் நீண்டு தொங்கும். விழும்போது சேற்றில் குத்திக்கொண்டு நிற்கும், இல்லாவிட்டால் மிதந்துபோய் வேறிடத்தில் பிடிக்கும். கண்ணா மரமோ சேற்றுக்கு மேலே விரல் விரலாக வேர் நீட்டி மூச்சு விடும். பிள்ளைகள் உயிரியல் பாடத்தில் படித்ததைக் கையால் தொட்டார்கள். தண்ணீருக்குள் வேர்களுக்கு நடுவே இறால் குஞ்சும் மீன் குஞ்சும் கூட்டமாக நின்றன. மேலே கொக்கும் நீர்க்காகமும்.

"இந்த வேருக்குள்ளதான் குஞ்சு வளருது. இத வெட்டினா கடலுக்குப் போறதுக்கு மீன் இல்ல," என்றார் நானா. அவர் படித்தது ஐந்தாம் வகுப்பு மட்டும்தானாம். நாங்கள் ஒரு தவணை முழுக்கப் படிப்பித்ததை இரண்டு வசனத்தில் முடித்துவிட்டார்.

கண்டலுக்கும் எங்களுக்கும் பழைய உறவு. நைலோன் வருவதற்கு முன் பருத்தி நூல் வலை உப்புத் தண்ணீரில் உக்காமல் இருக்கக் கண்டல் பட்டையை அவித்துச் சாயம் ஏற்றுவார்கள். பாய்மரச் சீலைக்கும் அதே சாயம். பட்டைக்காக மரம் வேண்டும், அதனால் மரத்தை விட்டுவைத்தார்கள். நைலோன் வந்தது, பட்டை தேவையில்லாமல் போனது, மரமும் யாருக்கும் தேவையில்லாததாகிப் போனது.

பிறகு 1980களில் இறால் பண்ணை வந்தது. இந்த இடத்தைச் சொல்லும்போது குரலைத் தாழ்த்த வேண்டியிருக்கிறது. புத்தளத்திலிருந்து முந்தல், சிலாபம் வரைக்கும் களப்போரம் கண்டல் வெட்டிக் குளம் தோண்டினார்கள். வெளியாட்களின் முதல் மட்டுமா? இல்லை. எங்கள் ஆட்களும் காணி கொடுத்தார்கள், பங்கு போட்டார்கள், கூலிக்கு மண்வெட்டி பிடித்தார்கள். அந்தக் காசில் வீடு கட்டியவர்கள் உண்டு, பிள்ளைகளைப் படிப்பித்தவர்களும் உண்டு. 1996இல் வெண்புள்ளி நோய் வந்தது. ஒரு பண்ணையின் கழிவுநீரே பக்கத்துப் பண்ணையின் குடிநீர் போல் இருந்ததால் நோய் குளம் குளமாகத் தாவியது. பலர் குளத்தை அப்படியே விட்டுவிட்டுப் போனார்கள். அந்தக் குழிகளில் பல இன்றும் உப்புப் பூத்துக் கிடக்கின்றன. அங்கே இறாலும் இல்லை, கண்டலும் இல்லை.

நாங்கள் வெட்டியது காட்டை மட்டுமல்ல, பேரப்பிள்ளையின் மீன் சட்டியையும்தான். இதை ஒல்லாந்தர் மேல் போட முடியாது.

நல்ல செய்தியும் உண்டு. 2015இல் இலங்கை தன் கண்டற்காடுகள் முழுவதையும் பாதுகாக்கும் திட்டத்தைத் தொடங்கியது. உலகில் முதலில் அப்படிச் செய்த நாடு என்று பேசப்பட்டது. சிலாபத்துக்குப் பக்கத்தில் பம்பளையில் கண்டலுக்கென்றே ஒரு அருங்காட்சியகம் 2016இல் திறக்கப்பட்டது. மீள நடும் வேலையில் பெண்கள் முன்னுக்கு நிற்கிறார்கள். ஆனால் கன்றைக் குத்திவிட்டுப் படம் எடுத்தால் காடு வந்துவிடாது. தண்ணீர் ஏறி இறங்கும் வழியைத் திறந்துவிடாத இடத்தில் நட்ட கன்று பட்டுப்போகும். இடம் பார்த்து, இனம் பார்த்து நடவேண்டும்.

கண்டலைத் தாண்டினால் களப்பின் அடியில் கடற்புல். அதை மேயும் கடற்பசுவை, ஆவுளியா என்றும் சொல்வோமே, அதைப் பற்றிப் பிள்ளைகள் கேட்டார்கள். எங்கள் மூத்த தலைமுறையில் அந்த இறைச்சி சாப்பிட்டவர்கள் இருக்கிறார்கள். மறைக்கத் தேவையில்லை, அன்றைக்கு அது நிறைய இருந்தது, சட்டமும் இன்றுபோல் தெரியாது. இப்போது அது சட்டப்படி பாதுகாக்கப்பட்ட உயிரினம், காண்பதே அரிது. ஒரு தடவைக்கு ஒரு குட்டிதான் ஈனும். அடுத்த குட்டிக்குச் சில வருசமாகும். அப்படிப்பட்ட உயிர் வலையில் சிக்கினாலே கணக்குத் தப்பிவிடும். அன்றைக்கு நாங்கள் ஒன்றையும் காணவில்லை.

பின்னேரம் அசர் தொழுதுவிட்டுப் புத்தளம் நோக்கிப் புறப்பட்டோம். வீதியோரம் கழுதைகள் நின்றன. அரபு வியாபாரிகள் கொண்டுவந்தவை என்று எங்கள் ஊரில் வழிவழியாகச் சொல்வார்கள். இன்று உரிமையாளர் இல்லாமல் வாகனத்தில் அடிபட்டுத் திரிகின்றன. ஒரு காலத்தில் பொதி சுமந்த பிராணி.

பஸ்ஸிலேயே இப்னு பதூதாவைப் பற்றிச் சொன்னோம். 1344இல் மாலைத்தீவிலிருந்து புறப்பட்ட அவரது கப்பல் இந்தத் தீவின் கரைக்கு வந்தது. அவர் 'பத்தாலா' என்று எழுதிய பட்டினம் புத்தளம்தான் என்பது அறிஞர்கள் பொதுவாக ஏற்றுக்கொண்ட கருத்து. மரத்தால் ஆன மதிலும் மரக் கோபுரங்களும் கொண்ட சிறிய பட்டினம் என்கிறார். ஆறுகள் அடித்துவந்த கறுவா மரம் கரையில் குவிந்து கிடந்ததாம். மலபாரிலிருந்தும் சோழமண்டலக் கரையிலிருந்தும் வந்தவர்கள் அதை விலையின்றி எடுத்துப்போய், பதிலாக அரசனுக்குத் துணி கொடுத்தார்களாம். அரசன் ஆரியச் சக்கரவர்த்தி, முத்துக்களைக் காட்டி உபசரித்தான், பாரசீகம் விளங்கக்கூடியவன். பாவாத மலைக்குப் போக வேண்டும் என்று கேட்டவருக்குப் பல்லக்கும் துணைக்கு யோகிகளையும் பிராமணர்களையும் கொடுத்தனுப்பினான்.

இதில் ஒரு நிமிடம் நில்லுங்கள். தமிழ் பேசும் ஒரு இந்து அரசன், மொரோக்கோவிலிருந்து வந்த ஒரு முஸ்லிமுக்கு, நபி ஆதம் அலைஹிஸ்ஸலாம் அவர்களின் பாதம் என்று நம்பப்பட்ட இடத்தைப் பார்க்க, இந்துத் துறவிகளை வழிகாட்டிகளாக அனுப்புகிறான். ஏறக்குறைய 680 வருசத்துக்கு முன், இந்தக் கரையிலிருந்து. இதைவிடப் பெரிய சுற்றுலா விளம்பரம் எங்களுக்கு வேண்டுமா?

அந்தக் கரையின் குணம் முற்றாக மாறிவிடவில்லை. தலவில அன்னம்மாள் ஆலயத் திருவிழாவுக்கு எல்லா மதத்தவரும் போகிறார்கள். உடப்பில் திரௌபதை அம்மன் தீமிதிப்பு. புத்தளத்துக்குப் பக்கத்தில் சிறாம்பியடியில், காலனித்துவ ஆட்சிகள் ஆபிரிக்காவிலிருந்து கொண்டுவந்த படைவீரர்களின் சந்ததியினர் இன்றும் போர்த்துக்கீசச் சொற்கள் கலந்த பாட்டைப் பாடுகிறார்கள். இவர்களும் இந்தக் களப்பின் மக்கள்தான்.

இனி அந்த மகளின் கேள்விக்கு வருவோம். எங்கட ஆக்கள் எங்கே?

1990 ஒக்டோபரில் விடுதலைப் புலிகள் வடக்கு முஸ்லிம்களை வெளியேற்றியபோது, ஏறக்குறைய 75,000 பேர் வீடு வாசலை விட்டு வந்தார்கள். பெரும்பாலோர் வந்து சேர்ந்தது எங்கள் மாவட்டத்துக்கு. மன்னார்க் கரையிலிருந்து படகேறிய குடும்பங்கள் இறங்கியது இதே கற்பிட்டிக் கரையில். இன்று டொல்பின் பார்க்கும் படகுகள் கிளம்பும் அதே கடல். எங்கள் மூத்தவர்கள் பள்ளிவாசலைத் திறந்தார்கள், பாடசாலையைத் திறந்தார்கள், சோற்றுப் பானையைப் பெரிதாக்கினார்கள். வந்தவர்கள் வெங்காயத் தோட்டத்திலும் களப்பிலும் கூலிக்கு நின்று பிள்ளைகளை வளர்த்தார்கள். பிற்காலத்தில் காணிக்கும் தண்ணீருக்கும் வேலைக்கும் இரு பக்கமும் மனக்கசப்பு வந்ததும் உண்மை. அதையும் சொல்லத்தான் வேண்டும். ஆனால் முதல் இரவில் கதவைத் திறந்தது இந்த ஊர். அன்றைக்கு எங்களோடு வந்த பிள்ளைகளில் அந்தக் குடும்பங்களின் பேரப்பிள்ளைகளும் இருந்தார்கள். கேள்வி கேட்ட மகளும் அவர்களில் ஒருத்தி. அவளுடைய வாப்பும்மா எந்தக் கரையில் இறங்கினார் என்று அவளுக்குத் தெரியாது. போய்க் கேட்கச் சொன்னோம்.

மறுநாள் வந்து சொன்னாள்: "இறங்கினது இருட்டுல. சேத்துல கால் புதைஞ்சுதாம். கண்ணா மர வேரைப் பிடிச்சுத்தான் கரை ஏறினாங்களாம்."

எங்கட ஆக்கள் அங்கேதான் இருக்கிறார்கள் மகளே. அந்த வேரில்.

இதற்குப் பிறகு கண்டலைக் காக்க வேண்டும் என்று தனியாகப் பிரசங்கம் தேவையில்லை. மூன்று வேண்டுகோளோடு முடிக்கிறோம்.

ஒன்று, களப்போரத்தில் பொலித்தீனையும் குர்பான் கழிவையும் கொட்டாதீர்கள். கொழும்புக் குப்பையை அருவக்காட்டுக்குக் கொண்டுவராதே என்று 2018இல் வீதியில் நின்ற ஊர் நாங்கள். எங்கள் குப்பையை நாங்களே களப்பில் கொட்டினால் அந்தக் குரலுக்கு என்ன மதிப்பு?

இரண்டு, படகு ஓட்டும் தம்பிமார் ஓங்கில் கூட்டத்தைத் துரத்தாமல், தூரத்தில் நின்று காட்டுங்கள். அது நாளைக்கும் வந்தால்தான் நாளைக்கும் உங்களுக்குத் தொழில்.

மூன்று, உங்கள் வீட்டில் மூத்தவர்கள் இருந்தால் தவளம், உப்பு வயல், பட்டைச் சாயம், 1990 இரவு என்று எதுவானாலும் கேட்டு எழுதிவையுங்கள். போனில் குரலாகவாவது பதிந்துவையுங்கள். கோட்டை இன்னும் நூறு வருசம் நிற்கும். அவர்கள் நிற்கமாட்டார்கள்.

அல்லாஹ் எங்கள் ஊரையும் இந்தக் களப்பையும் பாதுகாப்பானாக. பிழை இருந்தால் தெரிந்தவர்கள் திருத்துங்கள், ஏற்றுக்கொள்வோம்.