ஓகியைத் தெரியும்... ஓகியை உருவாக்கிய ஸ்டூடியோவைத் தெரியுமா? வசனமே இல்லாமல் உலகம் சுற்றிய பிரான்ஸின் 'ஸிலாம்' கதை!

நீல நிறப் பூனை ஒன்று. அதன் ஃபிரிட்ஜைக் காலி செய்வதையே முழுநேர வேலையாக வைத்திருக்கும் மூன்று கரப்பான் பூச்சிகள். கையில் ஈ அடிக்கும் மட்டையோடு பூனை துரத்த, வீடே இரண்டாகும். 'ஓகி அண்ட் தி காக்ரோச்சஸ்' என்ற பெயரைச் சொன்னாலே வீட்டில் இருக்கும் குட்டீஸ் சிரிக்க ஆரம்பித்துவிடும். 90ஸ் கிட்ஸ், 2கே கிட்ஸும் இதைப் பார்த்து வளர்ந்தவர்கள்தான்.

ஆனால், இது எந்த நாட்டு கார்ட்டூன் என்று கேட்டால் பலரும் அமெரிக்கா என்பார்கள். சிலர் ஜப்பான் என்பார்கள். உண்மையில் ஓகி பிறந்தது பிரான்ஸில். இன்றுவரை அவனைக் கையில் வைத்திருப்பது பாரிஸைத் தலைமையிடமாகக் கொண்ட 'ஸிலாம் அனிமேஷன்' என்ற ஸ்டூடியோ.

டிவி கார்ட்டூனில் தொடங்கி, ஒரு படத்தில் பலமாக அடி வாங்கி, பிறகு ஆஸ்கர் மேடை வாசல் வரை போன நிறுவனம் இது. ஸிலாமின் கதை என்ன? விரிவாகப் பார்க்கலாம்.

எங்கிருந்து தொடங்கியது?

இந்தக் கதை தொடங்குவது ஸிலாமில் இல்லை, 'கோமோன்' நிறுவனத்தில். 1895-ல் தொடங்கப்பட்ட கோமோன், உலகின் மிகப் பழமையான சினிமா நிறுவனங்களில் ஒன்று. அங்கே டிவி பிரிவில் வேலை பார்த்தவர் மார்க் டு போன்டாவிஸ். 1995-ல் 'கோமோன் மல்டிமீடியா' என்ற புதிய பிரிவு அவர் பொறுப்பில் தொடங்கப்பட்டது. அனிமேஷன், வீடியோ கேம் ஆகியவைதான் அதன் வேலை.

அங்கே அவருக்குக் கிடைத்த முக்கியமான கலைஞர் ஜான்-ஈவ் ரெம்போ. ஃபிலிப் டிராவெர்சாவுடன் சேர்ந்து அவர் உருவாக்கிய 'ஸ்பேஸ் கூஃப்ஸ்' தொடர் 1997-ல் வெளியானது. பூமியில் வந்து சிக்கிக்கொண்ட வேற்றுகிரகவாசிகள் ஒரு வாடகை வீட்டின் பரண் மேல் ஒளிந்துகொண்டு, குடிவருபவர்களை எல்லாம் விரட்டி அடிப்பதுதான் கதை. இதன் டைட்டில் பாடலைப் பாடியவர் அமெரிக்க ராக் பாடகர் இகி பாப்.

அடுத்த ஆண்டே ஓகி வந்தான். ரெம்போ உருவாக்கிய இந்தத் தொடர் 1998-ல் பிரான்ஸில் ஒளிபரப்பானது. கரப்பான்களின் பெயர்கள் ஜோயி, டீ டீ, மார்க்கி. 'ரமோன்ஸ்' என்ற அமெரிக்க பங்க் ராக் இசைக்குழுவில் இருந்தவர்களின் பெயர்கள் இவை!

இதில் ஒரு சோகமும் உண்டு. ஓகி டிவிக்கு வந்த அதே 1998-ல் ரெம்போ காலமானார். அப்போது அவருக்கு வயது 40. தான் வரைந்த பூனை உலகம் முழுக்கச் சுற்றப்போவதை அவர் பார்க்கவில்லை.

1999: வாழ்க்கையை மாற்றிய முடிவு

புதிய பிரிவு நன்றாகப் போய்க்கொண்டிருக்கும்போதே, அதைத் தொடர்வதில்லை என்று கோமோன் முடிவெடுத்தது. இந்த நிலையில் சாதாரணமாக என்ன நடக்கும்? வேலை பார்த்தவர்கள் வேறு கம்பெனிக்குப் போவார்கள். கார்ட்டூன்கள் குடோனில் தூங்கும். அவ்வளவுதான்.

டு போன்டாவிஸ் அப்படி விடவில்லை. 1999-ல் ஸிலாமைத் தொடங்கிய அவர், கோமோன் மல்டிமீடியாவில் உருவான தொடர்களின் உரிமையையும் வாங்கிக்கொண்டார். அதில் ஸ்பேஸ் கூஃப்ஸும் இருந்தது, ஓகியும் இருந்தான்.

இந்த ஒரு முடிவு ஏன் அவ்வளவு முக்கியம்?

அனிமேஷன் ஸ்டூடியோக்கள் காசு பார்க்க இரண்டு வழிகள் உண்டு. ஒன்று, அடுத்தவர் கொடுக்கும் வேலையைச் செய்து கொடுப்பது. சம்பளம் மாதிரி ஒரு முறை பணம் வரும். வேலை முடிந்தால் கணக்கும் முடிந்தது. படம் சூப்பர் ஹிட் ஆனாலும் வரைந்து கொடுத்தவருக்கு அதில் பங்கு கிடையாது.

இன்னொன்று, கதாபாத்திரத்தைச் சொந்தமாக வைத்திருப்பது. இது தென்னை வைப்பது மாதிரி. வளர்க்கத்தான் செலவு. காய்க்க ஆரம்பித்தால் வருஷக்கணக்கில் காய்க்கும். ஒரே எபிசோடை 10 நாட்டு சேனல்களுக்கு விற்கலாம். ஒப்பந்தக் காலம் முடிந்ததும் அதே எபிசோடை இன்னொரு சேனலுக்கு விற்கலாம். பொம்மை, கேம் என்று போகலாம்.

ஸிலாம் இரண்டாவது வழியில் இறங்கியது. 2002-ல் பாரிஸ் பங்குச்சந்தையிலும் பட்டியலிடப்பட்டது.

வசனம் இல்லாததுதான் பெரிய பலம்!

ஓகி தொடரைக் கவனித்துப் பாருங்கள். ஒரிஜினலில் யாரும் பேசுவதில்லை. சிரிப்பு, அலறல், முனகல், 'டமால்' சத்தம், பின்னணி இசை. அவ்வளவுதான். 7 நிமிஷத்தில் ஒரு எபிசோட் முடிந்துவிடும்.

இது கலை சார்ந்த முடிவு மட்டும் இல்லை, நல்ல வியாபாரமும் கூட. பேசும் கார்ட்டூனை வேறு நாட்டுக்கு விற்க வேண்டும் என்றால் மொழிபெயர்ப்பு, குரல் கலைஞர், ரெக்கார்டிங் என்று செலவு இருக்கும். பிரான்ஸ் மக்களுக்குச் சிரிப்பு வரும் ஜோக் பிரேசிலில் எடுபடாமலும் போகலாம். வாழைப்பழத் தோலில் வழுக்கி விழுந்தால்? எந்த ஊரிலும் சிரிப்பார்கள்.

ஆனால், வசனம் இல்லாமல் கதை சொல்வது ரொம்பக் கஷ்டம். 'எனக்குக் கோபம் வருது' என்று ஒரு வரி சொல்ல முடியாது. கண், புருவம், நடை, ஓட்டம் எல்லாவற்றிலும் அதைக் காட்ட வேண்டும். காட்சிகளைக் கட்டம் கட்டமாக வரையும் ஸ்டோரிபோர்டு கட்டத்திலேயே நகைச்சுவை வேலை செய்ய வேண்டும். சத்தம் அரை நொடி தள்ளிப்போனாலும் ஜோக் செத்துவிடும்.

இந்தக் கலையில் ஸிலாமின் தூணாக இருந்தவர் இயக்குநர் ஒலிவியே ஜான்-மாரி. ஓகியைப் பல ஆண்டுகள் இயக்கிய அவர், 2010-ல் 'ஸிக் அண்ட் ஷார்கோ' தொடரைக் கொண்டுவந்தார். கடற்கன்னியைத் தின்னத் துடிக்கும் கழுதைப்புலி, அவளைக் காக்கும் சுறா. இதிலும் வசனம் கிடையாது. இதுவும் உலக அளவில் ஹிட்! 2013-ல் ஓகியை வைத்து முழுநீளப் படமும் எடுத்தார். ஆதிகாலம் முதல் விண்வெளி வரை பூனைக்கும் கரப்பானுக்கும் நடக்கும் சண்டையைச் சொல்லும் அந்தப் படத்திலும் வசனம் இல்லை. ஜான்-மாரி 2021-ல் காலமானார்.

வசனம் இல்லாத ஓகி இந்தியாவுக்கு வந்ததும் நடந்ததுதான் வேடிக்கை. இங்கே அவனைப் பேச வைத்துவிட்டார்கள்! இந்தி டப்பிங்கில் ஓகி ஷாருக் கான் பாணியில் பேசினான். தமிழிலும் டப்பிங் வந்தது. பிரான்ஸில் எழுதப்படாத வசனங்களை இங்கே புதிதாக எழுதினார்கள். வாய் அசைவுக்கு ஏற்றபடி பேச வேண்டிய கட்டாயம் இல்லாததால், எழுதுபவர்களுக்கு முழுச் சுதந்திரம்!

கைகொடுத்த பிரான்ஸ் அரசு

தனி ஒரு ஆளின் திறமையால் மட்டும் இதெல்லாம் நடக்கவில்லை. பிரான்ஸில் இதற்கென ஒரு ஏற்பாடே இருக்கிறது.

70களின் பிற்பகுதியில் பிரான்ஸ் டிவியில் ஜப்பான் கார்ட்டூன்கள் குவிந்தன. நம்ம ஊர் குழந்தைகள் பார்க்க நம்ம நாட்டுப் படைப்பு வேண்டாமா என்ற கேள்வி எழுந்தது. 1983-ல் கலாசார அமைச்சர் ஜாக் லாங் காலத்தில் 'பிளான் இமாஜ்' என்ற திட்டம் கொண்டுவரப்பட்டு, அனிமேஷன் துறைக்கு அரசு ஆதரவு கிடைத்தது.

அங்கே டிவி சேனல்கள் ஒளிபரப்பும் சினிமா, தொடர்களில் 60 சதவீதம் ஐரோப்பியப் படைப்புகளாகவும், 40 சதவீதம் பிரெஞ்சு மொழிப் படைப்புகளாகவும் இருக்க வேண்டும் என்ற விதி உண்டு. வருமானத்தில் ஒரு பங்கைப் புதிய படைப்புகளில் முதலீடு செய்யவும் வேண்டும். இது போக, சிஎன்சி என்ற தேசிய சினிமா மையம், தியேட்டர் டிக்கெட்டிலும் சேனல்களிடமும் வரி வசூலித்து, அந்தப் பணத்தைத் தயாரிப்பாளர்களுக்கு உதவியாகத் தருகிறது.

பாரிஸ் தவிர லியோன், அங்குலேம் நகரங்களிலும் ஸிலாம் ஸ்டூடியோ அமைத்தது. வியட்நாமின் ஹோ சி மின் நகரிலும் அனிமேஷன் வேலைகள் நடந்தன.

பலமான அடி: 2003

எல்லாம் சரியாகப் போனால் அது என்ன கதை? ஸிலாமுக்கும் ஒரு சறுக்கல் வந்தது.

'கேனா' என்ற படம். வீடியோ கேமாக யோசிக்கப்பட்டு, பிறகு சினிமாவாக மாறிய கதை இது. பிரான்ஸின் முதல் முழுநீள 3டி கம்ப்யூட்டர் அனிமேஷன் படம் என்ற பெருமை இதற்கு உண்டு. ஆனால், படத்தை உருவாக்கிக்கொண்டிருந்த ஸ்டூடியோ பாதியிலேயே திவாலானது. ஸிலாம் பொறுப்பேற்று முடித்துக் கொடுத்தது. ஆங்கிலப் பதிப்பில் கிர்ஸ்டன் டன்ஸ்ட் போன்ற ஹாலிவுட் நட்சத்திரங்கள் குரல் கொடுத்தார்கள். 2003-ல் வெளியான படம் வசூலில் படுத்துவிட்டது.

அந்த நேரத்தில் சொந்தமாக எதுவும் இல்லாத ஸ்டூடியோவாக இருந்திருந்தால் கதை அங்கேயே முடிந்திருக்கும். ஸிலாம் கையில் திரும்பத் திரும்ப விற்கக்கூடிய தொடர்கள் இருந்தன. 'லக்கி லூக்' என்ற பிரபல பெல்ஜியம் காமிக்ஸை வைத்து எடுத்த தொடர், புதிய டிவி தொடர்கள், இடைவெளிக்குப் பிறகு மீண்டும் வந்த ஓகியின் அடுத்தடுத்த சீசன்கள் என்று நிறுவனம் மெல்ல எழுந்து வந்தது.

பிறகு யூடியூப் வந்தது. வசனம் இல்லாத, 7 நிமிஷ வீடியோ. மொபைலில் பார்க்க இதைவிட வேறென்ன வேண்டும்? 90களில் டிவிக்காக எடுத்த பாணி, எடுத்தவர்களே எதிர்பார்க்காத ஒரு காலத்துக்குக் கச்சிதமாகப் பொருந்தியது.

துண்டான கை... ஆஸ்கர் வரை!

கரப்பான் கார்ட்டூன் எடுக்கும் கம்பெனி என்று பெயர் வாங்கிய ஸிலாம், 2019-ல் எல்லோரையும் திரும்பிப் பார்க்க வைத்தது.

படத்தின் பெயர் 'ஐ லாஸ்ட் மை பாடி'. உடலில் இருந்து துண்டான ஒரு கை, ஆய்வகத்தில் இருந்து தப்பித்து, பாரிஸ் நகரம் முழுக்க ஊர்ந்து தன் உடலைத் தேடிப் போகும் கதை. குழந்தைகளுக்கான படம் இல்லை, பெரியவர்களுக்கானது. இழப்பு, தனிமை, காதல் பற்றிப் பேசுகிறது. கியோம் லோரான் எழுதிய நாவலைத் தழுவி, இயக்கியவர் ஜெரெமி கிளாப்பான்.

இந்தக் கதைக்கு யார் பணம் போடுவார்கள்? நிதி திரட்டவே திண்டாட்டமாக இருந்தது. யார் வேண்டுமானாலும் இலவசமாகப் பயன்படுத்தக்கூடிய 'பிளெண்டர்' சாஃப்ட்வேரை வைத்துப் படத்தை உருவாக்கினார்கள்.

பலன்? கான் திரைப்பட விழாவின் 'கிரிட்டிக்ஸ் வீக்' பிரிவில் முதல் பரிசு. அந்தப் பரிசை வென்ற முதல் அனிமேஷன் படம் இதுதான். அனிமேஷனுக்கென்றே நடக்கும் அன்சி விழாவிலும் உயரிய விருது. பிரான்ஸ் போன்ற சில இடங்கள் தவிர மற்ற நாடுகளுக்கான உரிமையை நெட்ஃபிளிக்ஸ் வாங்கியது. 2020 ஆஸ்கரில் சிறந்த அனிமேஷன் படத்துக்கான பரிந்துரைப் பட்டியலிலும் இடம்பிடித்தது. விருது என்னவோ 'டாய் ஸ்டோரி 4'க்குப் போனது. ஆனால், டிஸ்னி-பிக்ஸார் பக்கத்தில் ஸிலாம் பெயரும் இருந்ததே, அது சின்ன விஷயமா?

அடுத்த ஆண்டே டிஸ்னி பிளஸ் தளத்துக்காக 'சிப் அண்ட் டேல்: பார்க் லைஃப்' தொடரைத் தயாரித்தது ஸிலாம். டிஸ்னியின் புகழ்பெற்ற இரட்டை அணில்கள் ஒரு பிரான்ஸ் ஸ்டூடியோவின் கையில்! 2021-ல் அது வெளியானது.

ஓகியின் இந்தியத் தோழி!

ஓகியும் மாறிக்கொண்டே இருக்கிறான். சின்னக் குழந்தைகளுக்காக 3டியில் 'ஓகி ஓகி' 2021-ல் நெட்ஃபிளிக்ஸில் வந்தது. 2022-ல் அங்கே வந்த 'நெக்ஸ்ட் ஜெனரேஷன்' தொடரில் ஓகி வீட்டுக்குப் புதிய விருந்தாளி: பியா என்ற குட்டி யானை. ஓகியின் இந்திய நண்பர்கள் அவனை நம்பி விட்டுச்சென்ற பெண் குழந்தை! இந்தியாவில் ஓகிக்கு எவ்வளவு ரசிகர்கள் என்பது பாரிஸ் வரை தெரிந்திருக்கிறது.

இனி என்ன?

அனிமேஷன் துறைக்கு இப்போது நல்ல நேரம் இல்லை. கொரோனா காலத்தில் கார்ட்டூன் ஆர்டர்களை அள்ளிக் கொடுத்த ஓடிடி தளங்கள், 2022-க்குப் பிறகு கையை இறுக்கிக்கொண்டன. அடுத்தவர் ஆர்டரை நம்பி இருக்கும் ஸ்டூடியோக்கள்தான் இதில் முதலில் ஆட்டம் காண்கின்றன. பெரிய ஹாலிவுட் படங்களுக்கு வேலை செய்து கொடுத்த, பாரிஸைத் தலைமையிடமாகக் கொண்ட 'டெக்னிகலர்' குழுமமே 2025 தொடக்கத்தில் நிலைகுலைந்தது. பல நாடுகளில் ஆயிரக்கணக்கானவர்களின் வேலை கேள்விக்குறியானது.

ஸிலாமும் இதே சந்தையில்தான் இருக்கிறது. சொந்தக் கதாபாத்திரம் இருந்தால் நஷ்டமே வராது என்று சொல்ல முடியாது. ஆனால், விழுந்தால் ஊன்றி எழ ஒரு கம்பு கையில் இருக்கும். 2003-ல் ஸிலாமுக்கு அப்படித்தான் ஆனது.

இந்தியாவிலும் வெளிநாட்டுப் படங்களுக்கும் தொடர்களுக்கும் வரைந்து கொடுக்கும் இளைஞர்கள் ஏராளம். திறமையில் அவர்கள் யாருக்கும் குறைந்தவர்கள் இல்லை. ஆனால், படம் ஓடினாலும் அந்தக் கதாபாத்திரம் அவர்களுடையது ஆகாது. ஸிலாமின் கதையில் அவர்கள் கவனிக்க வேண்டிய ஆண்டு 2019 இல்லை, 1999. கம்பெனி கைவிட்ட பூனையை ஒருவர் காசு கொடுத்து வாங்கி வைத்துக்கொண்ட ஆண்டு அது.

ஜான்-ஈவ் ரெம்போ வரைந்த அந்தப் பூனை, அவர் மறைந்து கால் நூற்றாண்டு கடந்த பிறகும் இன்னும் கரப்பான்களைத் துரத்திக்கொண்டிருக்கிறது. ஒரு தடவையாவது பிடித்துவிடாதா என்று நாமும் பார்த்துக்கொண்டே இருக்கிறோம்!