மெட்டுக்குக் கீழே பட்டா, மேலே பட்டயம்

போடியிலிருந்து கொண்டை ஊசி வளைவுகளில் ஏறினால் போடிமெட்டில் தமிழ்நாடு முடிந்து கேரளம் தொடங்குகிறது. கீழே நஞ்சையும் புஞ்சையும், மேலே பூப்பாறை, சாந்தன்பாறைப் பக்கம் ஏலத்தோட்டமுமாக வைத்திருக்கும் குடும்பங்கள் போடியில் பல. பங்காளிகளுக்குள் வழக்கு மூண்டால் இரண்டையும் பூர்வீகச் சொத்து என்றுதான் சொல்வார்கள். நிரூபிக்கும் வழிதான் ஒன்றாக இருப்பதில்லை. மாநிலம் வேறு, சட்டம் வேறு என்பது பாதிக் காரணம். மீதிப் பாதி, வருவாய்த்துறைத் தாள்கள் பிறந்த விதத்தில் இருக்கிறது. நிலம் யாருக்குச் சொந்தம் என்று தீர்ப்பதற்காக அவை எழுதப்படவில்லை. வரியை யாரிடம் வசூலிப்பது என்று தெரிந்துகொள்ள எழுதப்பட்டவை. எந்த அரசு எதன்மீது வரி விதித்ததோ, அந்த அளவுக்குத்தான் அதன் தாள் சாட்சி சொல்லும்.

கீழ்நிலத்தை முதலில் பார்க்கலாம். மதுரை நாயக்கர் காலத்தில் பாளையமாக இருந்த போடிநாயக்கனூர் பின்னர் ஜமீன் ஆயிற்று. குடியானவர் பெயர் ஜமீன் கணக்கில் இருந்தது. 1948-ஆம் ஆண்டின் 26-ஆம் சட்டம் ஜமீன்களை ஒழித்து நிலங்களை ரயத்துவாரி முறைக்குக் கொண்டுவந்தபோதுதான் குடிகளுக்கு அரசே நேரடியாகப் பட்டா கொடுத்தது. ஆகவே, ஜமீன் கிராமம் ஒன்றில் வருவாய்த்துறைத் தாளைப் பிடித்துக்கொண்டு பின்னோக்கிப் போகிறவர் பெரும்பாலும் அப்போது எழுதப்பட்ட நிலவரித் திட்டப் பதிவேட்டில் வந்து நிற்பார். அதற்கும் முந்தைய காலத்துக்குப் பதிவு செய்த கிரயப் பத்திரமோ பாகப்பிரிவினைப் பத்திரமோதான் துணை. அடுத்த பெரிய திருப்பம் 1979-இல் தொடங்கிய யு.டி.ஆர். என்ற நில உடைமைப் பதிவு மேம்பாட்டுத் திட்டம். கூட்டுச் சொத்து அண்ணன் ஒருவர் பெயரில் மட்டும் ஏறியதும், சர்வே எண் உட்பிரிவு மாறியதும் இந்தத் திட்டத்தில் நேர்ந்த பிழைகள் என்று இன்றுவரை மனுக்கள் வருகின்றன. அந்த வேலை நடந்துகொண்டிருந்த 1980-இல்தான் பரம்பரைக் கர்ணம், மணியக்காரர் பதவிகளை அரசு ஒழித்தது. அது நியாயமான சீர்திருத்தம். ஆனாலும், எந்த வயல் யாருடைய பங்கு என்று வாய்க்கணக்காக வைத்திருந்தவர்கள் பதிவேடு புதுப்பிக்கப்படும் நேரத்தில் வெளியேறிவிட்டார்கள் என்பதையும் சேர்த்துத்தான் பார்க்க வேண்டும். பட்டா மாறுதல் உரிமையை உண்டாக்காது, பறிக்கவும் செய்யாது என்று நீதிமன்றங்கள் திரும்பத் திரும்பச் சொல்வதன் பொருள் இந்தப் பின்னணியில் விளங்கும்.

மெட்டுக்கு மேலே கதை வேறு. திருவிதாங்கூர் அரசுக்கு ஏலம் ஏகபோகச் சரக்கு. 1896-இல் அந்த ஏகபோகம் முடியும்வரை விளைச்சலைச் சாகுபடிக்காரர் அரசிடம்தான் ஒப்படைக்க வேண்டியிருந்தது. அரசின் கவனம் சரக்கின்மீது இருந்ததால், எத்தனை ஏக்கர், எது எல்லை என்ற கேள்விகள் அன்று பின்வரிசையில் நின்றன. நிலத்தின்மீது வரி வந்த பிறகுதான் நிலத்தைப் பற்றிய தாளுக்கு மதிப்பு வந்தது. அடுத்த ஆண்டே, 1897 ஆகஸ்டில், ஏலமலைக் காப்புக்காடு பற்றிய அறிவிக்கை வெளியானது. அதில் அடங்கிய பரப்பு 15,720 ஏக்கர் என்கிறது கேரள அரசு. 2,15,720 ஏக்கர் என்கிறது சுற்றுச்சூழல் தரப்பு. ஒரு ‘2’ இருக்கிறதா இல்லையா என்பதில் இரண்டு லட்சம் ஏக்கர் தொங்குகிறது. பாட்டன் காலத்துத் தாளைக் கொண்டுவா என்று சிறு விவசாயியைக் கேட்கும் அரசு, தன்னுடைய பழைய தாளின் கணக்கையே ஐயமின்றி நிலைநாட்ட முடியாமல் உச்ச நீதிமன்றத்தில் நிற்பதைக் கவனியாமல் இருக்க முடியவில்லை.

பத்திரம் உறுதியாக இருந்தால் இந்தச் சிக்கல் வராது என்று வாதிடலாம். கண்ணன் தேவன் மலைகள் அதற்கு விடை சொல்கின்றன. 1877-இல் பூஞ்ஞாறு அரசர் அந்த மலைகளை ஜான் டேனியல் மன்ரோவுக்கு எழுதிக்கொடுத்தார். பின்னர் அங்கே தோட்டம் நடத்திய வலுவான கம்பெனி, தெளிவான பத்திரம், நூறாண்டை நெருங்கும் அனுபவம் எல்லாம் இருந்தும், கேரளம் 1971-இல் சட்டம் போட்டு அந்த நிலங்களை மீட்டது. மறு ஆண்டு உச்ச நீதிமன்றமும் அதை ஏற்றது. தோட்டச் சாகுபடி நிலம் கம்பெனியிடம் இருக்கச் சட்டமே வழி வைத்திருந்தது என்பது வேறு விஷயம். பூஞ்ஞாறு அரசரின் உரிமை 1899-லேயே திருவிதாங்கூருக்குப் போய்விட்டிருந்தது. கொடுத்தவருக்கு இருந்த உரிமைக்கு மேல் வாங்கியவருக்குச் சேராது என்பதால்தான் வக்கீல்கள் தாய்ப்பத்திரத்தைக் கேட்கிறார்கள்.

அப்படியானால் நீண்ட கால அனுபவம் போதாதா? தனியாருக்கு எதிராக 12 ஆண்டு, அரசுக்கு எதிராக 30 ஆண்டு என்று காலவரையறைச் சட்டம் கணக்கு வைத்திருக்கிறது. ஆனால் அனுபவத்தையும் காட்டத்தான் வேண்டும். அதற்குக் கிஸ்து என்ற நிலவரி ரசீதும் அடங்கல் என்ற சாகுபடிப் பதிவேடும்தான் சாட்சி. உரிமைக்குப் போதாத அதே வரித்தாள், அனுபவத்துக்கு முதல்தரமான சான்றாகிறது. பங்காளி வழக்கில் இதற்கும் ஒரு வரம்பு உண்டு. ஒருவர் உழுதாலும் சட்டத்தின் கண்ணில் எல்லோருக்காகவும் உழுததாகவே கொள்ளப்படும்; மற்றவர்களை வெளிப்படையாக விலக்கியதைக் காட்டாதவரை ரசீதுக் கட்டு எவ்வளவு தடித்தாலும் தனி உரிமை பிறக்காது. மலையிலோ அனுபவத்துக்கு அரசே ஒரு கோடு கிழித்தது: 1977 ஜனவரி 1-க்கு முன் குடியேறியவர்களுக்குப் பட்டயம் என்ற நில உரிமைப் பத்திரம் தரக் கேரளம் 1993-இல் தனி விதிகள் இயற்றியது. ஏலமலைக் காட்டு வழக்கில் 2024 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் அங்கே புதிய பட்டயங்கள் வழங்குவதை நிறுத்திவைத்தது. ஏலமலையில் நிலம் வருவாய்த்துறையின் பொறுப்பு, மரம் வனத்துறையின் பொறுப்பு என்ற இரட்டை ஆட்சி வேறு இருக்கிறது. தோட்டத்துக்கு ஆண்டுதோறும் வரி கட்டுகிறவர்கூட அதில் நிற்கும் மரத்தை வெட்ட வனத்துறையிடம் அனுமதி கேட்க வேண்டும்.