சுதந்திரம்: களத்துமேட்டுச் சொல்

‘ஸ்வ’ என்றால் தன், ‘தந்திரம்’ ஆளுகை. இந்த வடசொல்லுக்குத் தமிழில் விடுதலைக்கு முன்பே வேறொரு வாழ்வு இருந்தது. அறுவடை நாளில் தச்சர், கொல்லர், வண்ணார், வெட்டியான் ஆகியோருக்குப் பொலியிலிருந்து அளந்த நெல்லுக்குச் சுதந்திரம் என்றே பெயர். தமிழ் விவிலியத்தில் ‘சுதந்தரம்’ பரம்பரைச் சொத்து. ஆக, இச்சொல்லில் பங்கும் உரிமையும் பிரியாமல் கிடந்தன. எவ்வளவு அழகான பொருள்!

1947க்குப் பிறகும் தஞ்சைக் குடியானவர் கேட்டது அந்தப் பங்கைத்தான்.

1952இல் ராஜாஜி ஆட்சியில் வந்த தஞ்சாவூர் குத்தகைதாரர், பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் குத்தகைதாரருக்கு விளைச்சலில் ஐந்தில் இரண்டு பங்கை உறுதி செய்தது. தாமதமானாலும் பெரிய மாற்றம் அது. 1956ஆம் ஆண்டின் நியாயக் குத்தகைச் சட்டம் நஞ்சையில் நிலக்காரர் பங்கை 40 சதவீதமாகக் குறைத்தது.