போடி விலை பிறந்த கதை

திருவிதாங்கூர் ராஜ்ஜியத்தில் ஏலமலைக் காய்க்கு விலை பேசும் தொல்லையே கிடையாது. ஏலக்காய் அரசின் ஏகபோகம். தோட்டக்காரர் காயைப் பறித்து, உலர்த்தி, அரசிடம் ஒப்படைக்க வேண்டும். அரசு கொடுக்கிற பங்கை வாங்கிக்கொண்டு மறுபடி மலையேற வேண்டும். சரக்கு ஆலப்புழைக்குப் போய், அங்கே பெரும் வியாபாரிகளிடம் விலைபோனது. காய்த்தது மலையில், பேர் கிடைத்தது கடற்கரைக்கு: இன்றைக்கும் உயர்தரப் பச்சைக் காய்க்கு ‘ஆலப்பி கிரீன்’ என்றுதான் தரப்பெயர். ஆனால் மலைக்கு இன்னொரு பக்கமும் இருந்தது. கிழக்கே செங்குத்தாக இறங்கினால் ஆங்கிலேயரின் மதுரை ஜில்லா. இறக்கத்தின் அடிவாரத்தில் போடிநாயக்கனூர்.

மலையில் காடு திருத்திப் பயிர் வைத்தவர்களில் பலர் போடி, கம்பம், தேவாரம் பக்கத்துத் தமிழர்கள். ஊரும் உறவும் கீழே, தோட்டம் மேலே. ஒரே ஒரு ஆள் மட்டும் வாங்கலாம் என்று சட்டம் போட்டால் கள்ளவழி பிறக்காமல் இருக்குமா? ஏகபோகத்தைக் காப்பதே அரசுக்குப் பெரும்பாடாயிற்று. 19-ஆம் நூற்றாண்டின் கடைசியில் திருவிதாங்கூர் அதைக் கைவிட்டு, நிலத்துக்கு வரி போடும் முறைக்கு மாறியது. தன் காய்க்குத் தானே விலை கேட்கும் உரிமை தோட்டக்காரருக்கு வந்து சேர்ந்தது. யாரிடம் கேட்பது என்பதுதான் தெரியவில்லை.

போடியின் கமிஷன் கடைகள் அந்த இடத்தை நிரப்பின. 1928-ல் மதுரையிலிருந்து ரயிலும் வந்ததும் ஊர் கிடுகிடுவென்று வளர்ந்தது. கடைக்காரர் சாக்குக்குள் கைவிட்டு ஒரு பிடி காயை அள்ளுவார், உள்ளங்கையில் உருட்டுவார், நிறம் பார்ப்பார், பருமன் பார்ப்பார், ஒன்றை உடைத்து உள்ளே விதை கறுத்திருக்கிறதா என்று பார்ப்பார். பிறகு ஒரு விலை சொல்வார். மாட்டுச் சந்தையில் துண்டுக்குள் விரல் பிடித்துப் பேசும் பேரம் போலத்தான்: பக்கத்தில் நிற்பவனுக்குக்கூட விலை தெரியாது. பம்பாயில் நேற்று என்ன விலை என்பது கடைக்காரருக்குத் தெரியும். தோட்டக்காரருக்குத் தெரிந்ததெல்லாம் பறிப்பாட்களுக்குக் கொடுக்க வேண்டிய கூலி. அந்தப் பேரத்தில் யார் ஜெயிப்பார் என்பதைக் கணக்காகவே எழுதிக் காட்ட, கடல் கடந்த ஊரில் ஒரு கல்லூரி மாணவர் தயாராகிக்கொண்டிருந்தார்.

அமெரிக்காவின் பிட்ஸ்பர்க் நகரில், கார்னகி தொழில்நுட்பக் கல்லூரியில் ஜான் நாஷ் படித்துக்கொண்டிருந்தார். சர்வதேசப் பொருளாதாரம் பற்றிய ஒரு பாடத்தில் உட்கார்ந்தபோது அவருக்கு அந்த யோசனை தட்டியது. இரண்டு பேர் பேரம் பேசினால் லாபம் எப்படிப் பங்காகும்? அதுவரை பொருளாதார அறிஞர்கள் பலர், அது அவரவர் சாமர்த்தியம் என்று விட்டுவிட்ட கேள்வி. 1950-ல், 21 வயதில், நாஷ் விடையை வெளியிட்டார். பேச்சு முறிந்தால் அவரவர் கையில் என்ன மிஞ்சும் என்பதுதான் அதில் அச்சாணி. முறிந்தாலும் நஷ்டமில்லாதவன் கூடுதலாக வாங்கிக்கொண்டு போவான். 1982-ல் இஸ்ரேலியரான ஏரியல் ரூபின்ஸ்டீன் இன்னொரு கட்டுரை எழுதினார். மாறி மாறி விலை சொல்லும் இருவரில், தாமதத்தை யாரால் அதிகம் பொறுக்க முடியுமோ அவர் பக்கமே பங்கு சாயும் என்று நிறுவினார். போடிக் கடைத்திண்ணையில் உட்கார்ந்திருந்த எந்தத் தோட்டக்காரருக்கும் இதில் புதுச்செய்தி ஒன்றும் இல்லை. உலர்ந்த காய் மாதக்கணக்கில் கெடாமல் இருக்கும். கூலிப் பாக்கி காத்திருக்காது. முன்பணம் வாங்கிய கடையிலேயே காயையும் போட வேண்டியிருந்தவருக்கு, பேச்சு முறிவது என்ற வழியே அடைபட்டிருந்தது.

இதற்கு நடுவே இரண்டு இடிகள் விழுந்தன. முதலாவது, வரைபடத்தில். 1956 நவம்பர் 1-ஆம் தேதி மாநிலங்கள் பிரிந்தபோது, தமிழர்கள் போராடிக் கேட்டும் ஏலமலைத் தாலுகாக்களான தேவிகுளமும் பீர்மேடும் கேரளத்தோடு போயின. காய் ஒரு மாநிலத்தில், கடைவீதி இன்னொரு மாநிலத்தில். இரண்டாவது இடி ஏற்கெனவே எங்கோ விழுந்து ஓசையில்லாமல் கிடந்தது. முதல் உலகப்போர் தொடங்கிய காலத்தில் ஆஸ்கர் மயூஸ் க்ளூஃபர் என்ற ஜெர்மானியக் காபித் தோட்டக்காரர், மத்திய அமெரிக்காவின் குவாத்தமாலாவில் கோபான் என்ற ஊர்ப்பக்கம் ஏலச்செடியைக் கொண்டுபோய் நட்டிருந்தார். அந்நாட்டு மக்கள் ஏலக்காயைச் சமையலில் சேர்ப்பதே அபூர்வம், விளைந்ததெல்லாம் ஏற்றுமதிக்கு. அரபு நாடுகளின் காப்பிக் குவளைக்கு இந்தியக் காய்தான் என்றிருந்த நிலை ஆட்டம் கண்டது. மலையில் விலை விழுந்தால் காரணம் கடைக்காரரா குவாத்தமாலாவா என்று யாராலும் சொல்ல முடியாமல் போனது.

விலையை வெளிச்சத்துக்குக் கொண்டுவர அரசு இறங்கியது. 1965-ல் ஏலக்காய்ச் சட்டம் வந்தது. அதையொட்டி ஏலக்காய் வாரியமும் வந்தது. உரிமம் பெற்றவர்தான் ஏலம் நடத்தலாம், உரிமம் பெற்றவர்தான் வாங்கலாம் என்று விதிகள் உருவாயின. கடைத்திண்ணை ரகசியம் கூடத்துக்கு நடுவே வந்தது. சாக்குகள் லாட்டுகளாக எண் பெற்றன. மாதிரிக் காய் வியாபாரிகளின் கைக்குக் கை மாறியது. ஏலம் விடுபவர் விலை கூவ, வியாபாரிகள் மேலே மேலே கேட்டார்கள். விலை பிடிக்கவில்லையென்றால் தோட்டக்காரர் சரக்கைத் திரும்ப எடுத்துக்கொள்ளலாம். எல்லாம் சரியாகிவிட்டது போலத்தான் இருந்தது.

ஏன் சரியாகவில்லை என்பதை விளங்கிக்கொள்ள உதவும் கட்டுரை 1961-லேயே வெளியாகியிருந்தது. எழுதியவர் நியூயார்க்கின் கொலம்பியா பல்கலைக்கழகப் பேராசிரியர் வில்லியம் விக்ரி. (இந்தக் கட்டுரை உள்ளிட்ட பணிகளுக்காக 1996-ல் அவருக்கு நோபல் அறிவித்தார்கள், அறிவித்த மூன்றாம் நாள் காலமானார். பரிசு மேடை ஏறும் கொடுப்பினை இல்லை.) ஏறுமுகமாகக் கூவும் ஏலத்தில் ஜெயித்தவர் தன் மனத்தில் உள்ள உச்ச விலையைக் கொடுப்பதில்லை என்று அவர் காட்டினார். ஒரு லாட்டுக்குக் கிலோ 1,000 ரூபாய் வரை போகத் தயாராக ஒருவர். 940 வரை போக இன்னொருவர். இரண்டாமவர் 940-ல் நின்றதும் முதலாமவர் அதற்கு ஒரு ரூபாய் மேலே சொல்லி வாங்கிவிடுவார். ஆக, விலையைத் தீர்மானிப்பது ஜெயித்தவர் அல்ல, தோற்றவர். தோட்டக்காரரின் வயிற்றுப்பாடு முழுக்க அந்த இரண்டாவது மனிதரின் வாயில் இருக்கிறது. அவர் வாயைத் திறக்காவிட்டால்?

வாயைத் திறக்காமல் இருக்க வைப்பது ஒன்றும் கஷ்டமில்லை. ஒரே கூடம், ஒரே முகங்கள், வாரம் தவறாமல் சந்திப்பு. இந்த லாட் உனக்கு, அடுத்தது எனக்கு. பேச்சை மீறி எவராவது குரல் கொடுத்தால் அந்த நொடியே எல்லோருக்கும் தெரியும். அடுத்த லாட்டில் அவருக்குப் பதிலடி கிடைக்கும். கூட்டணியைக் குலைக்கத் திறந்த ஏலம் உதவும் என்று நினைப்போம். நேர்மாறு என்கிறது ஏலக் கோட்பாடு: மீறுபவனை உடனே கண்டுபிடிக்க முடிகிற இடத்தில்தான் கூட்டணி நிலைக்கும். வியாபாரிகள் கூடிப் பேசி விலையை அமுக்குகிறார்கள் என்பது மலைமேல் ஓயாத புகார். எல்லாப் புகாரும் நிஜமாக இருக்க வேண்டியதில்லை. ஆனால் கண்ஜாடை செல்லுபடியாகும் கூடத்தில், இல்லை என்று நிரூபிக்கவும் வழியில்லை. கூடத்தில் ஏதோ ஒன்று மாற வேண்டியிருந்தது.

2007-ல் மாறியது. பழைய ஏலக்காய் வாரியம் 1987-லேயே நறுமணப் பொருள் வாரியத்துக்குள் இணைந்திருந்தது. ஸ்பைசஸ் போர்டு என்ற அந்த வாரியம் போடியிலும் மலைமேல் வண்டன்மேட்டுப் பக்கத்திலும் மின்னணு ஏலத்தைக் கொண்டுவந்தது. ஒவ்வொரு வியாபாரிக்கும் ஒரு மேஜை, ஒரு திரை, ஒரு விசை. லாட்டின் எண்ணும் எடையும் திரையில் வரும். மாதிரிக் காய் கையில் வரும். உருட்டுவது, உடைப்பது, முகர்வது எல்லாம் பழையபடியே. பார்த்து முடித்த காய் தரையில் சிதறிக் கிடக்கும். குரல் மட்டும் போய்விட்டது. விரல் விசையை அழுத்த, எண் ஏறுகிறது. சில நொடிகளில் அடுத்த லாட். போடிக்காரர்கள் இன்று கண்டுகொள்ளாமலே கடந்துபோகிற அந்த விசைதான், ஆலப்புழைக் கிடங்கில் தொடங்கிய நீண்ட பேரம் வந்து சேர்ந்த இடம். பேராசிரியர்கள் காகிதத்தில் தொட்டதை மலைக்காரர்கள் நஷ்டப்பட்டுத் தொட்டார்கள்.

விசை வந்த பிறகும் விலை அடங்கிக் கிடக்கவில்லை. 2018 கேரள வெள்ளத்தில், மலைமேல் இடுக்கி மாவட்டத் தோட்டங்கள் நாசமாயின. காய்ப் பஞ்சத்தில் 2019 ஆகஸ்டு 3-ஆம் தேதி வண்டன்மேட்டுப் பக்கத்துப் புற்றடி ஏலக்கூடத்தில் ஒரு லாட் கிலோ 7,000 ரூபாயைத் தொட்டது. அதைப் பார்த்து ஏலச்செடி வைத்தவர்கள் பலர். அந்தச் செடிகள் காய்ப்பதற்குள் கொரோனா வந்தது. 2020 மார்ச்சில் ஏலம் நின்றது. மாநில எல்லையும் மூடியது. போடிமெட்டு வழியே மலையேறி ஏலம் எடுத்துப் பழகிய வியாபாரிக்குப் பாதை அடைபட்டது. அந்த முட்டுக்கட்டையிலிருந்து யாரும் எதிர்பாராத நன்மை ஒன்று பிறந்தது. 2021 ஜனவரியில் இரண்டு கூடங்களையும் இணையத்தால் இணைத்தார்கள். போடியில் இருப்பவரும் புற்றடியில் இருப்பவரும் ஒரே லாட்டுக்கு ஒரே நேரத்தில் கேட்கலாம். இரண்டாவது மனிதர் இப்போது மலைக்கு அந்தப் பக்கமும் இருக்கலாம். அவரைப் பார்த்துக் கண்ணடிக்க முடியாது.

ஆட்டக்காரர்கள் சும்மா இருப்பார்களா? ஏலத்தில் எடுத்த காயையே வியாபாரிகள் மறுபடி ஏலத்துக்குக் கொண்டுவருகிறார்கள், வரவு பெருத்தது போலக் காட்டி விலையைக் குலைக்கிறார்கள் என்று தோட்டக்காரர்கள் கொதித்தார்கள். ‘ரீபூலிங்’ என்று அதற்குப் பெயரே வந்துவிட்டது. 7,000 பார்த்த சந்தை, 2022-ல் ஆயிரம் ரூபாய்க்கும் கீழே சராசரி விலையைப் பார்த்தது. கிடங்கும் கையிருப்புப் பணமும் உள்ள பெரிய எஸ்டேட்டுகளால் காயைக் கட்டிவைத்துக் காத்திருக்க முடிந்தது. ஓரிரு ஏக்கர்காரர் கூலிக்காக அந்த வாரமே விற்றார். விக்ரியின் சிக்கலை விசை பாதி தீர்த்தது. ரூபின்ஸ்டீனின் சிக்கலைத் தொடவே இல்லை. சிறு தோட்டக்காரரால் இருப்பு வைத்த காயின் பேரில் குறைந்த வட்டிக்குக் கடன் வாங்க முடிந்தால்தான், விலை பிடிக்காதபோது சரக்கைத் திரும்ப எடுத்துக்கொள்ளும் உரிமை அவருக்கு நிஜமாகவே உரிமையாக இருக்கும்.