பெயர் மாறிய ஒல்லாந்த நடிகர்

திரைப்படத்திலே கதாநாயகனாகத் தோன்றுபவனின் பெயரை உலகம் எளிதில் மறப்பதில்லை. அவனுக்கு அருகே வைத்தியராகவும் தந்தையாகவும் வந்து கதையைத் தாங்கி நிற்கும் நடிகனின் முகம் நினைவில் இருக்கும், பெயரோ மறைந்துவிடும். பிலிப் டோர்ன் என்னும் ஒல்லாந்த நடிகரின் வரலாறு இத்தகையது. அவர் ஏற்ற வேடங்களைத் தீர்மானித்தது அவருடைய திறமை மட்டுமன்று. அவர் வாழ்ந்த காலமும் ஆகும்.

1901 ஆம் ஆண்டிலே, ஒல்லாந்தின் கடற்கரையில் மீன்பிடிக்குப் பேர்போன ஸ்கேவனிங்கன் என்னும் ஊரில் அவர் பிறந்தார். ஹைன் வான் டெர் நீட் என்பது இயற்பெயர். மேடைக்காகப் பூண்ட பெயர் பிரிட்ஸ் வான் டொங்கன். 1934 இல், உளுத்த கப்பலில் கடலுக்கு அனுப்பப்பட்டு மாளும் மீனவரின் கதையொன்று படமாக்கப்பட்டபோது, அதில் இளம் மீனவனாக அவர் தோன்றினார். அடுத்த ஆண்டில் ஹெர்மன் கொஸ்டர்லிட்ஸ் என்பவரின் நெறியாள்கையில் நகைச்சுவைப் படமொன்றில் நடித்தார். கொஸ்டர்லிட்ஸ் யூதர், ஹிட்லர் ஆட்சிக்கு வந்ததும் ஜேர்மனியை விட்டு வெளியேறியவர்.

அந்த யூதக் கலைஞரைத் துரத்திய ஜேர்மன் திரையுலகமே சில ஆண்டுகளில் வான் டொங்கனை வரவேற்றது. 1938 இல் வெளிவந்த "எஷ்னபூரின் புலி" என்ற படத்திலே அவர் இந்திய மகாராசாவானார். பின்னர் வைற் ஹார்லன் என்னும் இயக்குநரின் இரு படங்களில் நடித்தார். அதே ஹார்லன் 1940 இல் யூதரை இழிவுபடுத்தும் கொடிய பிரசாரப் படமொன்றை எடுத்தவர். இத்தகையோரோடு வான் டொங்கன் தொழில் செய்தார் என்பதை வரலாறு மறைத்தல் ஆகாது. ஆயினும், அவர் அங்கேயே தங்கிவிட்டவரல்லர் என்பதையும் அது மறத்தல் ஆகாது.

யுத்தம் மூண்ட வேளையில் அவர் அமெரிக்கா சென்றார். ஹென்றி கொஸ்டர் என்ற புதுப்பெயரோடு ஹொலிவூட்டிற் புகழ்பெற்றிருந்த பழைய நண்பர் கொஸ்டர்லிட்ஸ் அவருக்குக் கைகொடுத்தார். பிரிட்ஸ் வான் டொங்கனும் பிலிப் டோர்ன் ஆனார். 1940 மே மாதத்தில் ஜேர்மன் படைகள் ஐந்தே நாட்களில் ஒல்லாந்தை வீழ்த்தின. தாயகத்திற்கு மீளும் வழி அடைபட்டது.

அதே ஆண்டில் "எஸ்கேப்" என்ற படத்தில், சிறைமுகாமிலுள்ள ஒரு பெண்ணை இறந்தவள்போற் காட்டித் தப்புவிக்கும் வைத்தியராக அவர் நடித்தார். 1941 இல் வெளிவந்த "அண்டர்கிரவுண்ட்" படத்தில், பெர்லின் நகரிலே இரகசிய வானொலி நடத்தும் வீரர் அவரே. நாஜிகளை நம்பிய சகோதரன் ஈற்றில் மனந்திரும்பி, அவரது பணியைத் தொடர்கிறான். அமெரிக்கா யுத்தத்தில் இறங்குவதற்குச் சில மாதங்களுக்கு முன்னரே அப்படம் வெளியாயிற்று.

டோர்னின் ஆங்கிலத்தில் ஒல்லாந்த வாடை வீசியது. ஆகவே, வேற்றுநாட்டவர் யாவரும் அவராகவே வந்தனர். பிரான்சியக் கைத்தொழிலதிபர், சேர்பியத் தளபதி எனப் பலராய் நடித்தார். ஒல்லாந்தராகத் தோன்றும் வாய்ப்புகள் சிலவே. 1945 இல் ஏற்ற ஒல்லாந்த விமானியின் வேடம் அவற்றுள் ஒன்று.

1948 இல் வந்த "ஐ றிமெம்பர் மாமா" அவரது சிறந்த படைப்புகளுள் ஒன்று. சான் பிரான்சிஸ்கோவிற் குடியேறிய நோர்வேக் குடும்பத்தின் தந்தை அவர். அதிகம் பேசாத தச்சர். அப்படத்தில் நடித்த நால்வரின் பெயர்கள் ஒஸ்கார் பரிசுக்கு முன்மொழியப்பட்டன. டோர்னின் பெயர் அவற்றுள் இல்லை. அக்கதை 1949 முதல் 1957 வரை தொலைக்காட்சித் தொடராக வந்தபோது, தந்தையின் நாற்காலியில் வேறொருவர் அமர்ந்தார்.

1950 களின் முற்பகுதியில் மீண்டும் ஜேர்மன் படங்களிலே தோன்றிய டோர்ன், 1975 இற் கலிபோர்னியாவிற் காலமானார். மூன்று பெயர்கள், மூன்று நாடுகள், பற்பல வேடங்கள்: அவற்றிடையே அவர் செய்த பெருந்தெரிவு ஒன்றே. மகாராசா வேடம் தந்த நாட்டை விட்டகன்று, அந்நிய மண்ணிற் பிறருக்குப் பக்கத்தில் நிற்கும் இடத்தை அவர் ஏற்றார். காலம் கடந்தேனும் அவர் பெயரை நினைவிற்கொள்ள அது ஒன்றே போதும்.