வீட்டுக் கடனின் நீண்டகாலச் செலவு

வீட்டுக் கடனின் நீண்டகாலச் செலவு என்பது வீடு அல்லது மனை வாங்கப் பெற்ற கடனுக்காக, அது முழுவதுமாகத் தீரும் நாள்வரை கடனாளி செலுத்தும் அசல், வட்டி, கட்டணங்கள், காப்பீட்டுத் தொகை முதலிய அனைத்தின் தொகுப்பு ஆகும். கடன் வாங்குவோர் பெரும்பாலும் மாதத் தவணையையும் வட்டி வீதத்தையும் மட்டுமே ஒப்பிடுகின்றனர். ஆனால் மொத்தச் செலவைப் பெரிதும் தீர்மானிப்பது, எவ்வளவு அசல் எத்தனை காலம் திருப்பித் தரப்படாமல் நிலுவையில் இருக்கிறது என்பதே. இக்கட்டுரை இந்தியாவில் வழங்கப்படும் வீட்டுக் கடன்களை அடிப்படையாகக் கொண்டது.

சட்ட அடிப்படை

இந்தியாவில் அடமானம் 1882ஆம் ஆண்டின் சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 58ஆம் பிரிவில் வரையறுக்கப்பட்டுள்ளது. வங்கிகள் பெரும்பாலும் உரிமை ஆவணங்களை ஒப்படைத்துச் செய்யும் அடமான முறையைப் பின்பற்றுகின்றன. இம்முறை செல்லுபடியாகும் நகரங்களாகச் சட்டத்தின் வாசகத்திலேயே கொல்கத்தா, சென்னை, மும்பை ஆகியவை பெயர் சொல்லிக் குறிக்கப்பட்டுள்ளன. பிற ஊர்களை மாநில அரசுகள் அறிவிக்கை மூலம் சேர்க்கலாம். தமிழகத்தில் நெடுங்காலமாக வழங்கும் ஒத்தி அல்லது போக்கியம் என்னும் ஏற்பாடு வேறு வகையைச் சார்ந்தது. அதில் பணம் கொடுத்தவர் வட்டிக்குப் பதிலாக வீட்டை அனுபவிப்பார். காலம் முடிந்ததும் கொடுத்த தொகை அப்படியே திரும்பும்.

தவணை கணக்கிடப்படும் முறை

இன்றைய வீட்டுக் கடன்கள் பெரும்பாலும் குறையும் நிலுவை முறையில் அமைந்தவை. ஒவ்வொரு மாதமும் அன்றுள்ள நிலுவைக்கு மட்டும் வட்டி கணக்கிடப்படும். தவணையில் வட்டி போக மீதி அசலில் கழியும். அசல் அ, மாத வட்டி வ (ஆண்டு வட்டியை 12ஆல் வகுத்துக் கிடைப்பது), மாதங்களின் எண்ணிக்கை ந எனில்,

மாதத் தவணை = அ × வ ÷ (1 − (1 + வ)^−ந)

எடுத்துக்காட்டாக, ரூ. 30,00,000 கடனை 8.5% வட்டியில் 20 ஆண்டுகளுக்குப் பெற்றால் மாதத் தவணை ரூ. 26,035 ஆகும். 240 தவணைகளின் கூட்டுத்தொகை ரூ. 62,48,328. அதில் வட்டி மட்டும் ரூ. 32,48,328. இக்கட்டுரையில் வேறு விதமாகக் கூறப்படாத இடங்களில் இந்தக் கடனே எடுத்துக்காட்டாகக் கொள்ளப்படுகிறது. சூத்திரத்தை நம்ப விரும்பாதோர் ஒரு விரிதாளில் 240 வரிகளை எழுதி, ஒவ்வொரு வரியிலும் வட்டியைக் கூட்டித் தவணையைக் கழித்துப் பார்க்கலாம். கடைசி வரியில் நிலுவை சுழியாகும்.

நிலுவை எத்தனை நாளுக்கு ஒருமுறை குறைக்கப்படுகிறது என்பதும் முக்கியம். முற்காலத்தில் சில நிறுவனங்கள் ஆண்டுக்கு ஒருமுறை மட்டுமே நிலுவையைக் குறைத்தன. அதே 8.5% வட்டி அம்முறையில் மாதம் ரூ. 26,418 தவணையாகும். வட்டி வீதம் ஒன்றே என்றாலும் 20 ஆண்டுகளில் வேறுபாடு ஏறத்தாழ ரூ. 92,000.

அசல் மெதுவாகக் குறைதல்

முதல் மாத வட்டி ரூ. 21,250. எனவே முதல் தவணையில் அசலில் கழிவது ரூ. 4,785 மட்டுமே. ஐந்து ஆண்டுகளில் ரூ. 15.62 லட்சம் செலுத்திய பின்னரும் நிலுவை ரூ. 26.44 லட்சமாக இருக்கும். பத்து ஆண்டுகள், அதாவது காலத்தில் சரிபாதி கழிந்தபின் நிலுவை ரூ. 21 லட்சம். தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கை மிஞ்சுவது 143ஆவது தவணையில்தான். கடன் பாதியாகக் குறைய 13 ஆண்டுகள் 10 மாதங்கள் ஆகும்.

இதில் வங்கியின் சூழ்ச்சி ஏதும் இல்லை. சமமான தவணையைத் தேர்ந்ததன் கணித விளைவே இது. எனினும் ஐந்தாறு ஆண்டுகளில் வீட்டை விற்க நேரிடுவோருக்கு இது பெரும் அதிர்ச்சியாக அமைகிறது. மேற்கண்ட கடனாளி ஐந்தாம் ஆண்டின் முடிவில் விற்றால், செலுத்திய ஒவ்வொரு நூறு ரூபாயிலும் 77 ரூபாய் வட்டியாகச் சென்றிருக்கும்.

கடன் காலத்தின் தாக்கம்

| காலம் | மாதத் தவணை | மொத்த வட்டி |
|---|---|---|
| 10 ஆண்டு | ரூ. 37,196 | ரூ. 14.63 லட்சம் |
| 15 ஆண்டு | ரூ. 29,542 | ரூ. 23.18 லட்சம் |
| 20 ஆண்டு | ரூ. 26,035 | ரூ. 32.48 லட்சம் |
| 30 ஆண்டு | ரூ. 23,067 | ரூ. 53.04 லட்சம் |

20 ஆண்டுகளை 30 ஆக நீட்டினால் தவணை ரூ. 2,968 மட்டுமே குறைகிறது, வட்டியோ ரூ. 20.56 லட்சம் கூடுகிறது. காலம் நீள நீளத் தவணை, வட்டித் தொகையான ரூ. 21,250ஐ நெருங்குமே தவிர அதற்குக் கீழே ஒருபோதும் இறங்காது. ஆகையால் மிக நீண்ட கடன்களில் காலத்தை நீட்டுவதால் கிடைக்கும் தவணைக் குறைப்பு அற்பமானது.

மாறும் வட்டி

அமெரிக்க ஐக்கிய நாடுகளில் 30 ஆண்டுகளுக்கும் ஒரே வட்டி கொண்ட கடன் பரவலானது. இந்தியாவில் பெரும்பாலான வீட்டுக் கடன்கள் மாறும் வட்டி கொண்டவை. நிலையான வட்டி என்று விற்கப்படும் கடன்களிலும் சில ஆண்டுகளுக்குப் பின் வட்டியை மாற்றியமைக்கும் விதி இருப்பதுண்டு. ஆகவே கடன் பெறும் நாளில் காட்டப்படும் மொத்தச் செலவு ஒரு மதிப்பீடு மட்டுமே.

வட்டி எதனைச் சார்ந்து மாறுகிறது என்பதும் பலமுறை மாறியுள்ளது. 2010 சூலை 1 முதல் அடிப்படை வட்டி வீதமும், 2016 ஏப்ரல் 1 முதல் எம்.சி.எல்.ஆர். எனப்படும் வீதமும் நடைமுறைக்கு வந்தன. இவை இரண்டும் வங்கிகளே தம் செலவைக் கொண்டு கணக்கிட்டவை. ரிசர்வ் வங்கி வட்டியைக் குறைத்தபோது அப்பயன் பழைய கடனாளிகளைத் தாமதமாகவும் குறைவாகவும் சென்றடைந்தது. இதனை ரிசர்வ் வங்கியின் உள் ஆய்வுக் குழு 2017இல் சுட்டிக்காட்டி, வங்கிக்கு வெளியே உள்ள ஓர் அளவுகோலைப் பரிந்துரைத்தது. 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் வழங்கும் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ வீதம் போன்ற வெளி அளவுகோலுடன் இணைக்கப்பட்டன. இந்த விதி வங்கிகளுக்கு உரியது. வீட்டுவசதி நிதி நிறுவனங்களைக் கட்டுப்படுத்துவதன்று.

வெளி அளவுகோல் இருபுறமும் வெட்டும். 2020 மே மாதம் 4.00% ஆகக் குறைக்கப்பட்ட ரெப்போ வீதம், 2022 மே முதல் 2023 பிப்ரவரி வரை ஆறு முறை உயர்ந்து 6.50% ஆனது. 6.75% வட்டியில் 20 ஆண்டுகளுக்கு ரூ. 30 லட்சம் பெற்ற ஒருவரைக் கொள்வோம். அவரது தவணை ரூ. 22,811. ஓராண்டு முடிவில் நிலுவை ரூ. 29.27 லட்சம். அப்போது வட்டி 2.5 புள்ளிகள் உயர்ந்து 9.25% ஆனதெனில் (உண்மையில் உயர்வு படிப்படியாக வந்தது) மாத வட்டி மட்டும் ரூ. 22,559. பழைய தவணையையே தொடர்ந்தால் அசலில் மாதம் ரூ. 252தான் கழியும், கடன் தீர ஏறத்தாழ 587 மாதங்கள், அதாவது 49 ஆண்டுகள் ஆகும். மீதமுள்ள 19 ஆண்டுகளுக்குள் முடிக்க வேண்டுமானால் தவணை ரூ. 27,299 ஆக உயர வேண்டும்.

வட்டி உயரும்போது தவணையை மாற்றாமல் காலத்தை நீட்டுவது வங்கிகளின் வழக்கமாக இருந்தது. வங்கிக் கணக்கிலிருந்து கழியும் தொகை மாறாததால் பலர் இதனைக் கவனிப்பதே இல்லை. 2023 ஆகத்து 18 அன்று ரிசர்வ் வங்கி வெளியிட்ட சுற்றறிக்கையின்படி, வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலப்பதா என்று தெரிவு செய்யும் வாய்ப்பைக் கடனாளிக்கு அளிக்க வேண்டும். தவணை வட்டிக்கே போதாமல் நிலுவை பெருகும் நிலை ஏற்படாமலும் பார்த்துக்கொள்ள வேண்டும். காலாண்டுதோறும் வழங்கப்படும் அறிக்கையில் மீதமுள்ள தவணைகளின் எண்ணிக்கை இடம்பெறும். கடனாளி அதில் முதலில் பார்க்க வேண்டியது அந்த எண்ணையே.

தவணை ஒத்திவைப்பும் இதே போன்றதே. கொரோனாப் பெருந்தொற்றின்போது 2020 மார்ச் முதல் ஆகத்து வரை ஆறு மாதங்களுக்குத் தவணைகளை ஒத்திவைக்க அனுமதி அளிக்கப்பட்டது. ஆனால் வட்டி நிற்கவில்லை. எடுத்துக்காட்டுக் கடனைத் தொடக்கத்திலேயே ஆறு மாதம் ஒத்திவைத்தால் நிலுவை ரூ. 31.30 லட்சமாகும். அதே தவணையில் அதைத் தீர்க்க 240க்குப் பதிலாக ஏறத்தாழ 270 தவணைகள் தேவை. கூடுதல் சுமை ஏறத்தாழ ரூ. 7.8 லட்சம். அக்காலத்தின் கூட்டு வட்டிக்கும் தனி வட்டிக்கும் உள்ள வேறுபாட்டை ரூ. 2 கோடி வரையிலான கடன்களுக்கு நடுவண் அரசு ஏற்றுக்கொண்டது. இக்கடனில் அத்தொகை சுமார் ரூ. 2,280.

வட்டி அல்லாத செலவுகள்

வீட்டின் விலை முழுவதும் கடனாகக் கிடைக்காது. ரூ. 30 லட்சம் வரையிலான கடன்களில் சொத்து மதிப்பில் 90%, அதற்கு மேல் ரூ. 75 லட்சம் வரை 80%, அதற்கும் மேல் 75% என ரிசர்வ் வங்கி உச்சவரம்பு விதித்துள்ளது. தமிழ்நாட்டில் 2023 ஏப்ரலில் பதிவுக் கட்டணம் 4%இலிருந்து 2% ஆகக் குறைக்கப்பட்டது. முத்திரைத்தாள் கட்டணம் 7%. இவ்விரண்டையும் பொதுவாகக் கையிலிருந்தே செலுத்த வேண்டியிருப்பதால், அதற்கெனத் தனிநபர் கடன் பெறுவோரும் உளர். அது வீட்டுக் கடனைவிட அதிக வட்டி கொண்டது. இவற்றோடு பரிசீலனைக் கட்டணம், அதன் மீது 18% சரக்கு மற்றும் சேவை வரி, சட்டக் கருத்துக் கட்டணம், மதிப்பீட்டாளர் கட்டணம் ஆகியனவும் சேரும்.

கடனோடு சேர்த்து விற்கப்படும் ஆயுள் காப்பீடு தனியே கவனிக்கத்தக்கது. இது சட்டப்படி கட்டாயமன்று. ஒரே தவணையில் செலுத்த வேண்டிய காப்பீட்டுத் தொகை ரூ. 90,000 எனக் கொண்டு, அதையும் கடனில் சேர்த்தால் தவணை ரூ. 781 கூடும். 20 ஆண்டுகளில் அக்காப்பீட்டின் விலை ரூ. 1.87 லட்சமாகிவிடும். குடும்பத்தின் ஒரே வருவாய் ஈட்டுநர் இறந்தால் வீடு கைவிட்டுப் போகாமல் காக்கக் காப்பீடு தேவைதான்; அதைத் தனியே வாங்கி ஆண்டுதோறும் செலுத்துவதற்குத் தடையில்லை.

கட்டி முடிக்கப்படாத அடுக்ககங்களில் வங்கி பணத்தைப் பகுதி பகுதியாக வழங்கும். அதுவரை வழங்கிய தொகைக்கு வட்டி மட்டும் செலுத்தப்படும், அசல் குறையாது. சராசரியாக ரூ. 15 லட்சம் இரண்டு ஆண்டுகள் இந்நிலையில் இருந்தால் ரூ. 2.55 லட்சம் வட்டி சென்றிருக்கும், கடனின் முதல் தவணை இன்னும் தொடங்கியிராது. கட்டுமானம் தாமதமானால் வட்டியும் வாடகையும் ஒருசேர நீளும்.

2024 அக்டோபர் 1 முதல் ஒப்புதல் பெறும் கடன்களுக்கு முக்கிய விவர அறிக்கை ஒன்றை வழங்குவது கட்டாயமாக்கப்பட்டது. கடன் வழங்குபவர் வசூலிக்கும் கட்டணங்களையும் உள்ளடக்கிய ஆண்டுச் செலவு வீதம் அதில் இருக்கும். இரு வங்கிகளை ஒப்பிட விளம்பர வட்டியைவிட இதுவே பொருத்தமானது.

முன்கூட்டிச் செலுத்துதல்

தனிநபர்களின் மாறும் வட்டி வீட்டுக் கடன்களை முன்கூட்டி அடைத்தால் வங்கிகள் அபராதம் வசூலிக்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012 சூனில் ஆணையிட்டது. எடுத்துக்காட்டுக் கடனில் முதலாம் ஆண்டு முடிவில் ரூ. 1 லட்சம் கூடுதலாகச் செலுத்தி, தவணையை மாற்றாமல் விட்டால் 18 தவணைகள் குறையும். மிச்சமாகும் வட்டி ஏறத்தாழ ரூ. 3.7 லட்சம். அதே ரூ. 1 லட்சத்தைப் பத்தாம் ஆண்டு முடிவில் செலுத்தினால் மிச்சம் ரூ. 1.27 லட்சம் மட்டுமே. கூடுதல் தொகை செலுத்தும்போது காலத்தைக் குறைக்க வேண்டுமா, தவணையைக் குறைக்க வேண்டுமா என்பதை எழுத்துமூலம் தெரிவிப்பது நன்று. தவணையைக் குறைத்தால் மிச்சமாகும் வட்டி குறைவு.

வரிச்சலுகை

1961ஆம் ஆண்டு வருமானவரிச் சட்டத்தின் 24ஆம் பிரிவின்படி, தாம் குடியிருக்கும் வீட்டின் கடன் வட்டியில் ஆண்டுக்கு ரூ. 2 லட்சம் வரை கழிவு பெறும் வரம்பு 2014–15 நிதியாண்டு முதல் நடைமுறைக்கு வந்தது. 2023–24 முதல் இயல்பான தெரிவாக்கப்பட்ட புதிய வரிமுறையில் இக்கழிவு இல்லை. பழைய முறையிலும் முதலாண்டு வட்டியான ரூ. 2.53 லட்சத்தில் ரூ. 2 லட்சமே கணக்கில் வரும். 30% வரி வரம்பில் உள்ளவர்க்கு மேல்வரி உட்பட ரூ. 62,400 மிச்சமாகும். அதாவது ரூ. 31.20 வரியை மிச்சப்படுத்த ரூ. 100 வட்டி கட்ட வேண்டும். வரிச்சலுகைக்காகவே கடனைத் தீர்க்காமல் வைத்திருப்பது பொருளற்றது.

பணவீக்கம்

ரூ. 62.48 லட்சம் என்னும் கூட்டுத்தொகையை அப்படியே எடுத்துக்கொள்வதும் தவறாகும். இருபதாம் ஆண்டில் செலுத்தும் ரூபாய்க்கு இன்றைய ரூபாயின் வாங்கும் திறன் இருக்காது. பணவீக்கம் ஆண்டுக்கு 5% எனக் கொண்டால் 240 தவணைகளின் இன்றைய மதிப்பு ஏறத்தாழ ரூ. 39.8 லட்சம். ஊதியம் விலைவாசியோடு சேர்ந்து உயர்பவருக்கே இது ஆறுதல் தரும்.

கடன் முடிந்தபின்

கடைசித் தவணையோடு வேலை முடிவதில்லை. வங்கியிடமிருந்து அசல் ஆவணங்களையும் நிலுவையின்மைச் சான்றையும் பெற வேண்டும். 2023 திசம்பர் 1 முதல், கடன் தீர்ந்த 30 நாட்களுக்குள் ஆவணங்களைத் திருப்பித் தரவேண்டும் என்றும், தாமதத்துக்குக் கடன் வழங்கியவரே காரணமெனில் நாளொன்றுக்கு ரூ. 5,000 இழப்பீடு தரவேண்டும் என்றும் ரிசர்வ் வங்கி விதித்தது. தமிழ்நாட்டில் ஆவண ஒப்படைப்பு சார்பதிவாளர் அலுவலகத்தில் பதியப்பட்டிருந்தால், கடன் தீர்ந்ததற்கான ரசீது ஆவணத்தையும் அங்கே பதிய வேண்டும். பதியாவிட்டால் கடன் தீர்ந்து பல்லாண்டுகள் ஆனபின்னும் வில்லங்கச் சான்றிதழில் அடமானம் தொடர்ந்து காட்டப்படும்.